புதுப்பிப்பு: குப்பம் பக்கத்து ஏரி மீன் குத்தகைத் தகராறு

பதில் சொன்ன எல்லாருக்கும் நன்றி. கேள்வி இதுதான்: எங்கள் மீனவர் சங்கம் ஏலத்தில் எடுத்த ஏரியில், பழைய குத்தகைக்காரரிடம் வாய்ப்பேச்சிலேயே மீன் உரிமை வாங்கியதாக ஒரு வியாபாரி, நாங்கள் மீன் பிடிக்கக் கூடாது என்று கோர்ட்டில் தடை கேட்டிருந்தார்.

கைகொடுத்தது, ஒரு அண்ணன் சொன்ன ஆனந்த பெஹரா வழக்கு. ஒடிசாவின் சில்கா ஏரி பற்றியது, 1955 உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. மீன்பிடி உரிமை அசையாச் சொத்தில் சேரும். மதிப்பு 100 ரூபாய்க்கு மேல் போனால் வாய்ப்பேச்சு செல்லாது, பதிவுப் பத்திரம் வேண்டும். வக்கீல் இதைக் காட்டினார். இடைக்காலத் தடை மனு தள்ளுபடி.

எதிர்பாராதது: 'பத்திரம் எங்கே' என்ற அதே கேள்வி எங்கள் பக்கமும் திரும்பியது. ஏல உத்தரவும் பணம் கட்டிய சலானும் கையில் இருந்ததால் பிழைத்தோம். சலானைப் பத்திரமா வையுங்கப்பா! மூல வழக்கு நடக்கிறது. வலை போடாமல் வீணான மாதங்களுக்குக் குத்தகையை நீட்டித் தரச் சொல்லித் தனியாக மனு கொடுத்திருக்கிறோம்.