கெரி பெக்கர்தான் இரவு மெட்சைக் கண்டுபிடிச்சவரோ?

உப்புவெளி_67:
திருகோணமலை மக்கெய்சர் கிரவுண்டில இரவு கிரிக்கெட் மெட்ச் வைக்கிற கதைக்குள்ள நிலாவெளியான் எழுதினத வாசிச்சன். "கெரி பெக்கர் கண்டுபிடிச்சதுதான் இரவு மெட்ச்"ஆம். அவுஸ்திரேலிய ரீவி முதலாளியாம் கண்டுபிடிச்சது. ஐயா, 1952 ஓகஸ்ட் 11, லண்டன் ஹைபரி, ஆர்சனல் காற்பந்து மைதானம். மிடில்செக்ஸ் கிரிக்கெட் அணி வீரர் ஜாக் யங்குக்குக் காசு சேர்க்க லைட் போட்டு விளையாடினவங்க. பெக்கருக்கு அப்ப வயசு 14. பள்ளிக்கூடப் பொடியன்.

நிலாவெளியான்:
அது ஒருநாள் கூத்து. அதுக்குப் பிறகு 25 வருசம் எங்க போனது அந்த லைட்? பெக்கர் 1976ல தன்ர ரீவி சனல் நைனுக்கு ஒளிபரப்பு உரிமை கேட்டு 3 வருசத்துக்கு 15 லட்சம் டொலர் வச்சார். அவுஸ்திரேலிய கிரிக்கெட் சபை அதவிடக் குறைஞ்ச காசுக்கு அரசாங்க ஒளிபரப்பு ஏபிசிக்குக் குடுத்தது. மனுசன் தானே ஒரு போட்டித் தொடர் நடத்தினார். பெரிய கிரவுண்டுகளத் தரமாட்டம் எண்டாங்கள். மெல்பேர்னில வீஎஃப்எல் பார்க் எண்ட காற்பந்து மைதானத்த எடுத்தார். பிட்ச்? ஜோன் மேலி கொங்கிறீட் தட்டுகளில புல் வளர்த்து, கிரேனால தூக்கிக் கொண்டுவந்து இறக்கினார். 1978 நவம்பர் 28, சிட்னியில லைட்டுக்குக் கீழ 44 ஆயிரத்துக்கு மேல சனம். கேற்றத் திறந்து விடச் சொன்னதே அவர்தான். இது கண்டுபிடிப்பு இல்லாம வேறென்ன?

உப்புவெளி_67:
1952. இன்னொண்டு, உங்கட ஆளின்ர முதல் லைட் மெட்சும் சிட்னியில இல்ல. 1977 டிசம்பர் 14, அதே வீஎஃப்எல் பார்க்கில. தலைவரப் புகழுறவர் தலைவரின்ர திகதியையாவது பாடமாக்க வேணும். தனித் தொடர் நடத்துற யோசனையும் அவர்ட இல்ல. ஜோன் கோர்னெலும் ஒஸ்டின் ரொபட்சனும் கொண்டுவந்து குடுத்தது. அவர் காசு போட்டவர், அவ்வளவுதான்.

கன்னியா_வெந்நீர்:
அண்ணமார், "முதல்" எண்டு எதச் சொல்லுறீங்க? உதவிநிதி மெட்சும் சேர்த்தியோ, சம்பளக்காரர் ஆடின தொடர் மட்டுமோ? அதச் சொல்லிப்போட்டுச் சண்டை பிடிங்க. மற்றது, கலர் உடுப்பு பகட்டுக்குப் போட்டதில்ல. லைட்டில சிவப்புப் பந்து மங்கித் தெரியும், அதால வெள்ளைப் பந்து. வெள்ளைப் பந்துக்குப் பின்னால வெள்ளை உடுப்பும் பந்து போடுறவருக்குப் பின்னால நிக்கிற வெள்ளை ஸ்கிரீனும் நிண்டா பேட்ஸ்மனுக்குப் பந்தே தெரியாது.

நிலாவெளியான்:
காசு போட்டவர் மட்டுமோ? பெக்கரோட சேர்ந்ததால டோனி கிரெய்க்கின்ர இங்கிலாந்து கப்டன் பதவி போனது. பெக்கரின்ர வீரருக்குத் தடை போட்ட கிரிக்கெட் சபைகளுக்கு எதிரா லண்டன் கோட்டுக்குப் போய் 1977 நவம்பர் 25 வெண்டது ஆர்? உங்கட ஜாக் யங்கோ?

உப்புவெளி_67:
கோட்டில வெண்டா 1952 அழிஞ்சிடுமோ? அவர் ரீவி முதலாளி. அவருக்கு வேண்டியது உரிமை. 1979 மே 30 சபையோட ஒப்பந்தம், உரிமை சனல் நைனுக்கு, அதோட கடையப் பூட்டினார். கிரிக்கெட் அவருக்குச் சரக்கு.

நிலாவெளியான்:
சரக்கெண்டா ஐபிஎல்லத் தொடங்கின லலித் மோடி மட்டும் என்ன செய்தவர்? 2009 ஐபிஎல்ல ஒரு இன்னிங்ஸுக்கு ஏழரை நிமிசம் ஆட்டத்த நிப்பாட்டினவங்க. மூச்சு வாங்கவோ, விளம்பரத்துக்கோ? அதுக்கு வாயே திறக்கமாட்டியள். போன மாசம் மெட்டிங் (பிட்சில விரிக்கிற பாய்) சண்டையில தோத்த கோவம் இன்னும் ஆறேல்ல போல.

உப்புவெளி_67:
நான் தோக்கேல்ல. நாலு மூலையில மட்டும் ஆணி அடிச்சா நடுவில மெட்டிங் சுருங்கி எழும்பும், குட் லெந்தில விழுற பந்து ஒண்டு உருளும், ஒண்டு மூக்குக்கு வரும். ரெண்டு கரையிலயும் நெருக்கமா ஆணி அடிச்சு, அடிக்க முதல் தண்ணி தெளிச்சு இழுக்க வேணும். அப்பவும் சொன்னன், இப்பவும் சொல்லுறன்.
லைட்டுக்கும் அதே கதைதான். ஸ்கிரீனுக்கு நேர பின்னால கம்பம் நட்டா பேட்ஸ்மனுக்குக் கண் கூசும். கம்பம் கட்டையா இருந்தா உயர்த்தி அடிச்ச பந்து வெளிச்சத்துக்கு மேல போய் இருட்டுக்குள்ள மறைஞ்சு வரும், கெட்ச் எடுக்கிறவன்ர பல்லுத்தான் போகும். மெட்டல் ஹெலைட் பல்ப் போட்டு ஜெனறேற்றர் ஒருக்கா இழுத்து நிண்டா, பல்ப் சூடு ஆறித் திரும்பப் பத்த பத்து நிமிசத்துக்கு மேல. எல்ஈடி எண்டா உடன வரும், விலைதான் கூட. கச்சான் காத்தடிக்கிற மாசத்தில மூங்கில் கம்பத்தில லைட் கட்டுற ஆக்களுக்கு பெக்கர் என்னத்துக்கு?

கன்னியா_வெந்நீர்:
கச்சான் காத்துக்கு எல்ஈடியும் ஆடும் அண்ணே. கம்பிக்கயிறு மூண்டு பக்கம் இழுத்துக் கட்டோணும், ஒரு பக்கம் காணாது. சரி, என்ர கேள்விக்கு மறுமொழி?

நிலாவெளியான்:
கம்பம், ஆணி எல்லாம் எழுதினார், தட்டுப் பிட்சப் பற்றி ஒரு சொல் இல்ல. அது 1952ல இருந்ததோ?

உப்புவெளி_67:
கதை தொடங்கினது லைட்டில. லைட்டுக்கு மறுமொழி சொல்லுங்க. 1952.

நிலாவெளியான்:
25 வருச இடைவெளி.

உப்புவெளி_67:
ஓகஸ்ட் 11.