அப்பச்சி சுகரை மறைச்சாங்களாம்! – க்ளெய்ம் மறுத்த அனுபவம்

காரைக்குடிக்காரன்:
அப்பச்சிக்கு (எங்க அப்பாவுக்கு) 20 வருஷமா சுகர். மெடிக்ளெய்ம், அதான் மருத்துவ இன்சூரன்ஸ், எடுத்து 7 வருஷம் ஆச்சு. ஃபாரத்தை நிரப்பினது ஏஜென்ட். அப்பச்சி கையெழுத்து மட்டும் போட்டாங்க. கிட்னி போய் திருச்சியில டயாலிசிஸ் ஆரம்பிச்சதும் க்ளெய்மைத் தள்ளிட்டாங்க. சர்க்கரை நோயை மறைச்சோமாம். ஃபாரம் நகலைக் கேட்டு வாங்கினா, அந்தக் கட்டத்துல ஏஜென்ட் கையாலேயே ‘இல்லை’. கல்யாணச் சீர் விவரம் எழுதின முறைச்சிட்டையை 60 வருஷமா பெட்டகத்துல பூட்டி வச்சிருக்கிற வீடு இது. இந்தக் காகிதத்தை ஒருத்தர்கூட படிக்கல.

2024-ல விதி மாறினது எங்களுக்குக் கைகொடுத்துச்சு. பாலிசி விடாம 60 மாசம் ஓடிட்டா, மோசடின்னு கம்பெனி நிரூபிச்சாலொழிய ‘சொல்லலை’ன்னு மறுக்க முடியாது. முன்னாடி அது 8 வருஷம், மாட்டியிருப்போம்.

கம்பெனியோட குறைதீர் பிரிவுக்கு எழுதி ஒரு மாசம் பார்த்தேன். பதிலே இல்ல. அடுத்து சென்னை இன்சூரன்ஸ் ஆம்பட்ஸ்மேன், அதாவது இன்சூரன்ஸ் புகாரை விசாரிக்கிற குறைதீர்ப்பாளர். கட்டணம் கிடையாது, வக்கீல் வைக்கவும் விடமாட்டாங்க. மறுப்புக் கடிதம் வந்து ஒரு வருஷத்துக்குள்ள போயிடணும். பல்லவன் ரயில்ல டிக்கெட் போட்டு வச்சிருந்தேன், கடைசியில விசாரணை வீடியோவுல. வளவுல (வீட்டு உள்முற்றத்துல) வெளிச்சமா ஒரு தூணோரம் போனைச் சாய்ச்சு வச்சு உட்கார்ந்தோம். அப்பச்சி பேசினது இவ்வளவுதான்: “கேட்டிருந்தாச் சொல்லியிருப்பேனே ஐயா, ஊருக்கே தெரிஞ்ச சுகர்.”

3 லட்சம் தரச்சொல்லி உத்தரவு. ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி பாலிசித் தொகையை 3 லட்சத்துல இருந்து 5 லட்சமாக் கூட்டியிருந்தோம். கூட்டின தொகைக்கு 60 மாசம் கூட்டின நாள்ல இருந்துதான் கணக்காம், அந்த 2 லட்சம் போச்சு.

தேவகோட்டை ஆச்சி:
எங்க வீட்டுக்காரருக்கு பார்க்கின்சன், அரசாங்க உத்தியோகம். கை நடுங்குதுன்னு மேலதிகாரி விருப்ப ஓய்வு எழுதித் தரச்சொல்லிக் கேட்டார். இவுகளும் எழுத உட்கார்ந்துட்டாக, நான்தான் பேனாவைப் பிடுங்கினேன். 2016 மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்துல சொல்ற 21 வகையில பார்க்கின்சனும் உண்டு. பிரிவு 20(4) படி, வேலையில இருக்கையில வந்த குறைக்காக ஆளை வெளியே அனுப்பக்கூடாது. அந்த வேலை முடியலைன்னா அதே சம்பளத்துல வேற இடம் தரணும். சிவகங்கை மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுல இலவசமா வக்கீல் போட்டுக் குடுத்தாங்க. மாற்றுத்திறனாளிக்கும் பெண்களுக்கும் வருமானம் பார்க்கிறதில்ல. 15100-க்குப் போன் பண்ணாலே வழி சொல்வாங்க. நோட்டீஸ் போனதும், டைப் அடிக்கிற வேலையை எடுத்துட்டு வர்றவங்களுக்குத் தகவல் சொல்ற மேசையில உட்கார வச்சுட்டாங்க.

காரைக்குடிக்காரன்:
அந்த 21-ல கிட்னி இல்லையே ஆச்சி? ரத்த நோய்ல ஹீமோஃபீலியா இருக்கு, தலசீமியா இருக்கு. வாரத்துக்கு ரெண்டு தடவை டயாலிசிஸ் மெஷின்ல படுக்கிறவருக்கு மாற்றுத்திறனாளி அட்டை கிடையாது. எனக்கு இது புரியவே இல்ல.

தேவகோட்டை ஆச்சி:
எனக்கும்தான் தம்பி. ஆனா டயாலிசிஸுக்கு ரயில்ல போனா ஸ்லீப்பர்ல 75 சதவீதம் சலுகை உண்டு, துணைக்குப் போற ஒருத்தருக்கும் சேர்த்து. ஆஸ்பத்திரியில அந்த ஃபாரத்துல கையெழுத்து வாங்கிக்க.

காரைக்குடிக்காரன்:
ஒரு வருஷமா வாடகைக் கார்ல போயிட்டு இருக்கோம் ஆச்சி!