லியோன்தீனா நடிச்சது யாரு? பழைய பிரெஞ்சு ஊமைப்பட காமெடி

கேள்வி:
நேத்து 1911ல வந்த ஒரு குட்டி பிரெஞ்சு ஊமைப்படம் பாத்தேன். லியோன்தீன்னு ஒரு பொண்ணு, கையில பொம்மைக் கப்பல், அதை மிதக்க விடணும்னு வீடு முழுக்க தண்ணியை ரொப்பிடுறா, வீட்ல இருக்கறவங்க அலறுறாங்க, அவ மூஞ்சில அப்படி ஒரு சந்தோஷம். சாப்ளின் சினிமாவுக்கு வந்ததே 1914ல, அதுக்கு முன்னாடியே இப்படி ஒரு பொம்பளை காமெடியா! நடிச்சவங்க பேரு தேடித் தேடி பாத்துட்டேன், கிடைக்கல. யாருக்காவது தெரியுமா?

பதில் 1:
கிடைக்காதுங்க. லியோன்தீன்ங்கறது கேரக்டர் பேரு, நடிச்சது யாருன்னு ஆராய்ச்சி பண்றவங்களுக்கே தெரியல. பாத்தேங்கற பிரெஞ்சு சினிமா கம்பெனிக்காக நீஸ் ஊர்ல ரோமியோ பொசெத்தி நடத்தின காமிக்கா ஸ்டுடியோவுல எடுத்த சீரிஸ் அது. அங்கயே ரோஸலின்னு இன்னொரு சீரிஸ், அதுல சாரா துஹாமெல், அவங்க பேராவது நின்னுச்சு. லியோன்தீனும் ரோஸலியும் சேந்து நாடகம் பாக்கப் போய் ரகளை பண்ற படம் ஒண்ணு இருக்கு, கண்டிப்பா பாருங்க. இத்தனை பேரை சிரிக்க வச்சவங்களோட பேரை ஒருத்தரும் எழுதி வைக்கலையேன்னு எனக்கு ரொம்ப வருத்தம்.

பதில் 2:
அந்தக் காலத்துல பெரும்பாலும் கேமரா ஒரே இடத்துல தள்ளி நிக்கும், தலையில இருந்து கால் வரைக்கும் முழு ஆளும் தெரியணும், குளோசப் ரொம்ப கம்மி. அதனால விழறதுன்னா நிஜமாவே விழணும். அதுக்குத்தான் சர்க்கஸ், மேடைன்னு பழகினவங்களை கூட்டிட்டு வந்தாங்க, புவாரோங்கற காமெடி கேரக்டரா நடிச்ச ஆந்த்ரே தீத் கூட மேடையில பல்டி அடிச்சவர்தான். துரத்துற சீன்ல இன்னொண்ணு கவனிங்க, ஓடுற கூட்டத்துல கடைசி ஆள் ஃபிரேமை விட்டு வெளிய போற வரைக்கும் பெரும்பாலும் ஷாட்டை வெட்ட மாட்டாங்க, அந்த கடைசி ஆள் தடுக்கி விழறதுதான் எனக்கு எப்பவும் சிரிப்பு.

பதில் 3:
அதே காலத்து பிரெஞ்சு காமெடி நடிகர் மேக்ஸ் லிண்டரை விட்டுட்டீங்களே. கோட்டு, பட்டுத் தொப்பின்னு ஜம்முனு வந்து மாட்டிக்கறவர், சாப்ளினே அவரை தன் குருன்னு போட்டோவுல எழுதிக் கொடுத்திருக்கார். ஆனா லியோன்தீன் மாதிரி வீட்டை நொறுக்கற ஆட்டம் அவர்கிட்ட கம்மி, அதுல இந்தப் பொண்ணுங்கதான் மேல. 2022ல இந்த மாதிரி அடங்காத பொண்ணுங்க படமா 99 சேத்து ஒரு டிஸ்க் செட் வந்துச்சு, லியோன்தீனும் அதுல இருக்கு.

கேள்வி கேட்டவர்:
எல்லாருக்கும் நன்றிங்க. இன்னிக்கு ராத்திரி அந்த நாடகப் படம்தான்.