மந்திரச் செடி நூல்: தறி தெரிந்தவர்கள் உதவுங்களேன்

வணக்கம் நண்பர்களே. மந்திரச் செடிகளிலிருந்து நூலெடுத்து நெய்யும் கைவினைஞர் சங்கம் பற்றி ஒரு மிகுபுனைவு நாவல் எழுதுகிறேன்.

நிலவில் பூக்கும் கொடியை, லினன் துணிக்கு நார் தரும் ஆளிச்செடி போலவே ஊறப்போட்டு, காயவைத்து, தண்டை நொறுக்கி, சீப்பில் வாரி நார் பிரிக்கிறார்கள். இன்னொன்று தாமரை நார் மாதிரி. தண்டை ஒடித்து மெல்ல இழுத்தால் சிலந்தி இழையாக நீளும். ஈரம் காயும் முன் உருட்டித் திரித்துவிட வேண்டும். எனக்கு மிகவும் பிடித்த இடம் இது, கெடுத்துவிடக் கூடாது.

சிக்கல் தறியில்தான். இத்தனை மெல்லிய நூலைப் பாவாக (தறியில் நீளவாக்கில் இழுத்துக் கட்டும் இழையாக) ஏற்றினால் இழுவை தாங்குமா? கஞ்சி போட்டால் போதுமா, இல்லை இதை ஊடைக்கு (குறுக்கே ஓடும் இழைக்கு) மட்டும் வைப்பதுதான் சரியா? பாவில் அறுந்த இழையை எப்படி இணைப்பார்கள், விரல்கள் எப்படிப் போகும்? நெய்து பழகியவர்கள் கொஞ்சம் விரிவாகவே சொல்லுங்கள்.