நெவர்மைண்ட் ஃப்ளாக்: டிரம்ஸ் விழுந்ததும் கரகரப்பு, உதவி தேவை

நிலா_நாண்: அவசரம். நிர்வாணா குழுவோட நெவர்மைண்ட் ஆல்பத்தை ஃப்ளாக்கில் (தரம் குறையாம சுருக்கின ஒலி ஃபைல்) வாங்கினேன். பழைய எம்பி3-யே தேவலை போல, ஒரே கரகர. ஃபைல் கெட்டுப்போச்சா?

பேஸ்கம்பி: போனா, கம்ப்யூட்டரா? வயரா, ப்ளூடூத்தா? எந்த வருடப் பதிப்பு? ஒண்ணுமே சொல்லலையே.

காந்தநாடா: ப்ளூடூத்தாத்தான் இருக்கும். ப்ளூடூத்துக்காக ஒலியைச் சுருக்கி அனுப்புற எஸ்பிசி கோடெக் சுமார் 328 கேபிபிஎஸ்தான் (நொடிக்கு இத்தனை கிலோபிட்) தாங்கும். எல்டாக்-ங்கிற இன்னொரு கோடெக் 990 வரை போகும், அதுவும் லாஸ்லெஸ் (இழப்பில்லாதது) கிடையாது. சிடி தரம் 1411. வயர் போட்டுக் கேளுங்க.

நிலா_நாண்: போன், வயர்தான். முதல் பாட்டில் கிதார் தனியா வரும்போது சுத்தமா இருக்கு. டிரம்ஸ் சேர்ந்ததும் கரகர.

பழையகை: கேட்கும் முன் அடிப்படையைப் படித்துவிட்டு வரலாம். ஃப்ளாக் வெறும் பொட்டலம். உள்ளே எந்த மாஸ்டரோ (வெளியீட்டுக்காகச் சத்தமும் தொனியும் சரிசெய்த இறுதிப் பிரதி), அதுதான் காதுக்கு வரும். 2011 ரீமாஸ்டர் 1991 சிடியைவிடச் சத்தம் கூட்டியது. ஃபைல் கெட்டிருந்தால் டிரம்ஸுக்கு மட்டும் கரகரக்காது, இடையில் அறுந்து நிற்கும். சந்தேகமென்றால் ஃபூபார் என்ற பிளேயரில் வெரிஃபை ஓட்டுங்கள், எம்டி5 (ஃபைலுக்குள் இருக்கும் சரிபார்ப்பு எண்) பொருந்துகிறதா என்று காட்டும்.

காந்தநாடா: அப்போ 2021-ல் வந்த 24 பிட், 192 கிலோஹெர்ட்ஸ் பதிப்பை வாங்கிடுங்க.

பழையகை: எதற்கு? சிடியின் 44.1-ஏ, அதில் பாதியான 22 கிலோஹெர்ட்ஸ் ஒலி வரை தரும். மனிதக் காது 20-ஐத் தாண்டாது.

காந்தநாடா: எண்ணுக்காகச் சொல்லலை. அது அனலாக் டேப்பிலிருந்து புதுசா மாஸ்டர் பண்ணினது.

பழையகை: அப்படியென்றால் மாஸ்டருக்காக வாங்கட்டும், 192-க்காக வேண்டாம்.

பேஸ்கம்பி: அது தனி இழைக்கான விஷயம். நிலா, ஈக்வலைசர் ஆன்ல இருக்கா?

நிலா_நாண்: ஆமா, பேஸ் +6. எம்பி3-க்கும் அதேதான், அதில் ஒண்ணும் ஆகலையே.

பேஸ்கம்பி: விஷயம் அங்கதான் இருக்கு. அந்த எம்பி3 பழைய சிடியிலிருந்து எடுத்ததா இருக்கும்; சத்தம் குறைவு, மேலே இடம் இருக்கும். ரீமாஸ்டர்ல கிக் டிரம் ஏற்கெனவே டிஜிட்டலோட உச்ச எல்லையான 0 டெசிபெல்லை முட்டுது. மேலும் 6 ஏத்தினா அலையோட முகடு வெட்டுப்படும், அந்தக் கிளிப்பிங்தான் கரகரப்பு. ஈக்வலைசர்ல மொத்த அளவை மாத்துற ப்ரீஆம்ப்பை -6-க்கு இறக்குங்க, குறைஞ்ச சத்தத்தை வால்யூம்ல கூட்டிக்கோங்க. கிதாரோட ஃபஸ் (வேணும்னே சேர்த்த கரகரப்பு) பதிவிலேயே உள்ளது. அது போகாது, போகவும் கூடாது. எம்பி3-யோட ஒப்பிடணும்னா ரெண்டுக்கும் ரீப்ளேகெயின் (சத்த அளவை அளக்குற வசதி) ஸ்கேன் பண்ணி, சத்தத்தைச் சமமாக்கிட்டுக் கேளுங்க.

நிலா_நாண்: -6 வெச்சேன், கரகரப்பு போச்சு. ஃபைலோட டேக்கில் (விவரக் குறிப்பில்) 2011-னு இருக்கு. சிம்பல் இன்னும் காதைக் குத்துது.

பேஸ்கம்பி: அது மாஸ்டரிங், ஈக்வலைசரால தீராது. 1991 சிடி கிடைச்சா ஈஏசி-ங்கிற சாஃப்ட்வேர்ல ரிப் பண்ணுங்க (ஃபைலா மாத்துங்க). கடைசி டிராக் 20 நிமிஷம்னு காட்டினா தப்பில்லை: நடுவில் சுமார் 10 நிமிஷ மௌனம், அதுக்கப்புறம் மறைவா ஒரு பாட்டு. முதல்ல அச்சான பிரதிகள்ல அது இருக்காது.