முத்தலைக் கொள்ளி வேண்டாம்: டிரைலெம்மாவுக்கு ஒரு சொல்

பொருள்: மறு: மறு: டிரைலெம்மா – தமிழில் என்ன?

அனைவருக்கும் வணக்கம். ‘டிரைலெம்மா’ என்ற பொருளாதாரச் சொல்லுக்குத் தமிழ் தேடும் நம் இழையில் ஒருவர் இப்படி எழுதியிருந்தார்:

> டைலெம்மாவுக்கு ‘இருதலைக் கொள்ளி’ இருக்கிறது. இன்னொரு தலையைக் கூட்டி ‘முத்தலைக் கொள்ளி’ என்று வைத்துவிட்டால் முடிந்தது.

கேட்க நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் பொருள் தவறிப் போகிறது. இருதலைக் கொள்ளியில் மாட்டிய எறும்புக்கு எந்தப் பக்கம் போனாலும் நெருப்பு. பொருளாதார டிரைலெம்மாவில் நெருப்பு எதுவும் கிடையாது. மூன்று வசதிகள் இருக்கின்றன, மூன்றும் எந்த நாடும் ஆசைப்படக் கூடியவை. அவற்றில் எந்த இரண்டை வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளலாம், மூன்றாவதை விட்டாக வேண்டும். எதை விடுவது என்பதுதான் கேள்வி.

இழையில் புதிதாகச் சேர்ந்தவர்களுக்காக அந்த மூன்றையும் சொல்லிவிடுகிறேன். நாணய மாற்று விகிதத்தை அசையாமல் வைத்திருப்பது ஒன்று. பணம் எல்லை தாண்டி வரவும் போகவும் தடையில்லாமல் விடுவது இரண்டு. வட்டி விகிதத்தை உள்நாட்டு நிலவரத்தைப் பார்த்து நாமே முடிவு செய்வது மூன்று. 1960களின் தொடக்கத்தில் ராபர்ட் மண்டெலும் மார்கஸ் ஃபிளெமிங்கும் தனித்தனியாக எழுதியவற்றிலிருந்து வளர்ந்த கருத்து இது.

ஏன் மூன்றும் சேராது? அமெரிக்காவில் வட்டி 5%, உள்ளூரில் 2% என்று வைத்துக்கொள்வோம். டாலருக்கு எதிரான விகிதம் மாறாது என்று மத்திய வங்கி வாக்குக் கொடுத்திருக்கிறது, பணம் வெளியே போகத் தடையும் இல்லை. யார் உள்ளூரில் போட்டு வைப்பார்கள்? எல்லோரும் டாலருக்கு மாறுவார்கள். வாக்கைக் காப்பாற்ற மத்திய வங்கி தன் கையிருப்பு டாலரை விற்றுக்கொண்டே இருக்க வேண்டும். கையிருப்போ ஒருநாள் தீர்ந்துவிடும்.

அமெரிக்கா போன்ற பெரிய நாட்டுக்கு இதில் பெரிய வலி இல்லை. மாற்று விகிதம் எப்படியோ போகட்டும் என்று விட்டுவிட்டு வட்டியைத் தன் கையில் வைத்துக்கொள்கிறது. சிறிய திறந்த பொருளாதாரத்தில் கதையே வேறு. அரிசி, எண்ணெய், மருந்து எல்லாம் கப்பலில் வருகிற ஊரில் மாற்று விகிதம் நேரே சமையலறைக்குள் வந்துவிடும். அதனால்தான் அப்படிப்பட்ட நாடுகள் ஒவ்வொன்றும் எதை விட்டது என்று பார்க்கச் சொல்கிறேன். நாம் தேடும் சொல் அங்கேதான் கிடைக்கும்.

ஹாங்காங் வட்டியை விட்டது. 1983 அக்டோபரில் ஒரு அமெரிக்க டாலருக்கு 7.80 ஹாங்காங் டாலர் என்று கட்டியது, இன்றுவரை அவிழ்க்கவில்லை. 2005 முதல் 7.75க்கும் 7.85க்கும் இடையில் அசைய இடம் உண்டு, அவ்வளவுதான். வாஷிங்டனில் வட்டி ஏறினால் அங்கேயும் ஏறும், உள்ளூர் வியாபாரம் படுத்துக் கிடந்தாலும் ஏறும். ஆசிய நெருக்கடிக்குப் பிறகு பக்கத்து நாடுகளின் நாணயங்கள் விழுந்தன, ஹாங்காங் டாலர் விழவில்லை. பதிலுக்கு விலைகளும் வீட்டு மதிப்பும் விழுந்தன. 1997 உச்சத்திலிருந்து 2003க்குள் வீட்டு விலை 60 விழுக்காட்டுக்கும் மேல் இறங்கியது.

சிங்கப்பூரும் வட்டியைத்தான் விட்டது, ஆனால் வேறு மாதிரி. சிங்கப்பூர் நாணய ஆணையம் 1981 முதல் மாற்று விகிதத்தை வைத்தே பணக் கொள்கையை நடத்துகிறது. வெள்ளியின், அதாவது சிங்கப்பூர் டாலரின், மதிப்பை வணிகக் கூட்டாளிகளின் நாணயங்கள் அடங்கிய ஒரு கூடைக்கு எதிராக, ஒரு பட்டைக்குள் நகரவிடுகிறது. பட்டை எவ்வளவு சரிவாக ஏற வேண்டும், எவ்வளவு அகலம், எங்கே நடுக்கோடு என்பவைதான் அதன் கொள்கை அறிக்கை. கூடையில் எந்த நாணயத்துக்கு எவ்வளவு பங்கு என்பதையோ, சரிவு, அகலம் ஆகியவற்றின் சரியான எண்களையோ வெளியே சொல்வதில்லை. ஏற்றுமதியும் இறக்குமதியும் சேர்ந்து மொத்த உள்நாட்டு உற்பத்தியைப் போல மூன்று மடங்கு இருக்கும் ஊரில், விலைவாசியைப் பிடிக்க வட்டியைவிட வெள்ளியை வலுப்படுத்துவதே குறுக்குவழி. 2021 அக்டோபருக்கும் 2022 அக்டோபருக்கும் இடையில் ஐந்து முறை கொள்கையை இறுக்கினார்கள். அப்படியும் 2023 தொடக்கத்தில் மூலாதாரப் பணவீக்கம் (வீட்டு வாடகையும் சொந்த வாகனச் செலவும் சேராதது) 5.5% வரை போனது.

இந்த ஏற்பாட்டின் மறுபக்கத்தை யாரும் அதிகம் பேசுவதில்லை. 1985இல் அங்கே மந்தம் வந்தபோது, வட்டியைத் தன் விருப்பத்துக்குக் குறைக்க முடியாததால், கூலிச் செலவைக் குறைக்க வேண்டியிருந்தது. 1986இல் மத்திய சேமநிதிக்கு முதலாளிகள் கட்டும் பங்கு 25%இலிருந்து 10% ஆனது. விட்ட மூன்றாவதற்கான விலையில் ஒரு பகுதியைத் தொழிலாளி தன் ஓய்வுக்காலச் சேமிப்பிலிருந்து கொடுத்தார் என்றுதான் நான் அதைப் படிக்கிறேன்.

மலேசியா 1998 செப்டம்பரில் பணப் போக்குவரத்தை விட்டது. டாலருக்கு 3.80 ரிங்கிட் என்று கட்டி, வெளிநாட்டுப் பங்கு முதலீட்டுப் பணம் உடனே வெளியேற முடியாதபடி கதவைச் சாத்தி, வட்டியைக் குறைத்தது. அன்று உலகம் முழுக்கத் திட்டியது. அந்த 3.80 கட்டு 2005 ஜூலை வரை நின்றது.

சரி, சொல்லுக்கு வருவோம். இழையில் இதுவரை வந்தவற்றில் ‘இயலா மும்மை’ அழகானது, ஆனால் மூன்றுமே முடியாது என்று கேட்கிறது. ‘மூன்றில் இரண்டு விதி’ தெளிவானது, ஆனால் செய்தித்தாள் படிக்கிறவருக்கு உடனே நாடாளுமன்றப் பெரும்பான்மை நினைவுக்கு வரும். ‘மும்முரண்’ பற்றி ஒன்றும் சொல்வதற்கில்லை. எந்த மூன்றுக்கும் பொருந்தும்.

என் பரிந்துரை: ஒன்றொழி மும்மை.

நன்னூலில் ‘ஒன்றொழி பொதுச்சொல்’ என்று ஒரு வகை உண்டு. இரண்டுக்கும் பொதுவான சொல், இடம் நோக்கி ஒன்றை ஒழித்து மற்றதைக் குறிப்பது. ‘மாடு கறந்தாயிற்றா?’ என்று கேட்டால் மாடு என்பது பொதுச்சொல்தான், ஆனாலும் காளை தானாக ஒழிந்துவிடுகிறது. ஒன்றை விலக்கி மற்றவை நிற்பதற்கு நம் இலக்கணத்திலேயே தயாராக ஒரு அச்சு இருக்கும்போது புதிதாக வார்ப்பானேன்? ஹாங்காங் வட்டி ஒழித்த மும்மை, மலேசியா பணப் போக்குவரத்து ஒழித்த மும்மை என்று வாக்கியத்திலும் வளைகிறது.

அன்புடன், மதுரையிலிருந்து

---

பொருள்: மறு: மறு: மறு: டிரைலெம்மா – தமிழில் என்ன?

வணக்கம் ஐயா.

மடலை ஆறுதலாக வாசித்தேன். மூன்று விடயம் சொல்ல வேண்டும்.

நன்னூல் தெரிந்தவர்களுக்கு உங்கள் சொல் இனிக்கும். நான் உயர்தர வகுப்புக்குப் பொருளியல் படிப்பிக்கிறேன். பிள்ளைகளுக்கு ‘ஒழி’ என்றால் நுளம்பு (கொசு) ஒழிப்பும் வறுமை ஒழிப்பும்தான். எதையோ அடியோடு அழிப்பதாக நினைப்பார்கள். ஆனால் ‘சென்மதி நிலுவை’ (நாட்டுக்குள் வரும் பணம், வெளியே போகும் பணம் இவற்றின் கணக்கு) என்ற சொல்லையே பழக்கிவிட்டோம், இதையும் பழக்கலாம் என்று நீங்கள் சொல்லக்கூடும். சரி, அதை விடுவோம்.

மாற்று வீதத்தை நீங்கள் ‘அசையாமல்’ என்கிறீர்கள், ஆனால் சிங்கப்பூர் அசையவிடுகிறது. அப்படியென்றால் அது மும்மையின் ஒரு மூலையில் நிற்கவில்லை, நடுவில் எங்கேயோ நிற்கிறது. வரைவிலக்கணத்தில் இதற்கு இடம் வேண்டும்.

முக்கியமானது மூன்றாவது. நீங்கள் சொன்ன நாடுகள் எல்லாம் தெரிவு செய்தன. இலங்கையில் நாங்கள் எதைத் தெரிவு செய்தோம்? 2021 செப்டம்பரிலிருந்து 2022 மார்ச் தொடக்கம் வரை டொலரை 200 ரூபாய்க்குச் சற்று மேலே பிடித்து வைத்தார்கள். வட்டியும் விலைவாசிக்குப் பொருந்தாத தாழ்வில் இருந்தது. பணம் வெளியே போவதற்கு 2020இலேயே கட்டுப்பாடு போட்டிருந்தார்கள். ஏட்டில் பார்த்தால் பணப் போக்குவரத்தை விட்டாயிற்று, உங்கள் கணக்குச் சரி. நடைமுறையில் உண்டியல், அதாவது வங்கிக்கு வெளியே தனியார் வழியாகப் பணம் அனுப்பும் முறை, இருந்தது. வங்கியில் அனுப்பினால் ஒரு வீதம், உண்டியலில் அனுப்பினால் அதைவிட நல்ல வீதம் என்றால், மத்திய கிழக்கில் வேலை செய்பவர் எதில் அனுப்புவார்? வெளிநாட்டு ஊழியர் பணவனுப்பல் 2020இல் சுமார் 710 கோடி டொலர், 2021இல் சுமார் 550 கோடி.

பிறகு நடந்தது எல்லோருக்கும் தெரியும். மார்ச்சில் ரூபாயை அதன் போக்கில் விட்டார்கள், மே மாதம் டொலர் 360 ரூபாயைத் தொட்டது. ஏப்ரல் 8ஆம் திகதி வட்டியை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளி உயர்த்தினார்கள். 12ஆம் திகதி வெளிநாட்டுக் கடன் கொடுப்பனவை நிறுத்துவதாக அறிவித்தார்கள். செப்டெம்பரில் கொழும்பில் பணவீக்கம் 69.8%. எரிவாயுவுக்கு வரிசையில் நின்றவரிடம் போய் ‘இது தெரிவு’ என்று சொல்ல முடியுமா? எங்களுக்கு முத்தலைக் கொள்ளிதான் பொருத்தம்.

வவுனியாவிலிருந்து

---

பொருள்: மறு: மறு: மறு: மறு: டிரைலெம்மா – தமிழில் என்ன?

வணக்கம்.

சிங்கப்பூர் பற்றிய உங்கள் திருத்தம் சரி, வரைவில் சேர்த்துவிட்டேன். கீழே பாருங்கள்.

இலங்கை பற்றி எழுதியது இந்த இழையிலேயே கனமான பத்தி. ஆனால் அதே பத்தி ‘ஒன்றொழி’யின் பக்கம்தான் நிற்கிறது என்பேன். ஒழித்தல் வேறு, ஒழிதல் வேறு. நுளம்பை நாம் ஒழிக்கிறோம். மாட்டைக் கறக்கும்போது காளை தானே ஒழிகிறது. மலேசியா ஒன்றை ஒழித்தது. இலங்கையில் எதையும் மனதார ஒழிக்காமல் மூன்றையும் இழுத்துப் பிடித்ததால், டாலர் கையிருப்பு தீர்ந்த அன்று ரூபாயின் விகிதம் தானே ஒழிந்தது, அதுவும் மிக மோசமான நேரத்தில். ‘ஒன்றொழி’யில் இரண்டு வாசிப்பும் அடங்கும். கொள்ளி என்று வைத்தால் 2021இல் வேறு வழியே இருக்கவில்லை என்று ஆகிவிடும். இருந்தது என்றுதான் நான் நினைக்கிறேன். ரூபாயைக் கொஞ்சம் கொஞ்சமாக இறங்க விட்டிருந்தால் உண்டியலுக்குப் போன பணத்தில் ஒரு பகுதியாவது வங்கிக்கு வந்திருக்கும். கடன் சுமை அப்படியே இருந்திருக்கும், அது வேறு கதை.

உண்டியல் விஷயத்தையும் விட மனமில்லை. சட்டத்தில் சாத்திய கதவு நடைமுறையில் திறந்திருக்கலாம் என்பதை வரையறையிலேயே சொல்லிவிடலாம்:

ஒன்றொழி மும்மை: நிலையான மாற்று விகிதம், தடையற்ற மூலதனப் போக்குவரத்து, தன்னுரிமையுள்ள வட்டிக் கொள்கை ஆகிய மூன்றையும் ஒரு நாடு ஒருசேர முழுமையாகக் கொள்ள முடியாமை. ஒன்றை முழுதாகவோ, ஒன்றுக்கு மேற்பட்டவற்றைப் பகுதியாகவோ விடலாம். விட்டதா இல்லையா என்பது நடைமுறையைப் பொறுத்தது, சட்டத்தை மட்டும் பொறுத்ததல்ல.

‘விகிதம்’, ‘வீதம்’ இரண்டையும் பட்டியலில் சாய்கோடு போட்டுத் தருகிறேன், அந்தச் சண்டையை இன்னொரு நாள் வைத்துக்கொள்ளலாம். உங்கள் வகுப்பில் ஒருமுறை சொல்லிப் பார்த்துவிட்டுப் பிள்ளைகள் என்ன சொன்னார்கள் என்று எழுதுங்கள். அதுவரை இதைத் தற்காலிகம் என்றே குறித்து வைக்கிறேன்.

அப்புறம், அடுத்த சொல் ‘ஸ்டெரிலைசேஷன்’. மத்திய வங்கி டாலரை வாங்கும்போது சந்தைக்குள் போன ரூபாயைக் கடன்பத்திரம் விற்றுத் திரும்ப உறிஞ்சுவது. தயவுசெய்து யாரும் ‘மலடாக்கல்’ என்று ஆரம்பிக்காதீர்கள்.