ஸ்கேலீன்: முக்கோணத்துக்கும் கழுத்துக்கும் ஒரே சொல்லா?

கேள்வி

கணிதத்துக்கும் உடற்கூறியலுக்கும் சேர்த்து ஒரு கலைச்சொல் பட்டியல் தயாராகிறது. 'ஸ்கேலீன்' என்ற பெயரடையில் வந்து நிற்கிறது. முக்கோணத்துக்கு 'அசமபக்க' என்று பாடநூலிலேயே இருப்பதால் அங்கே குழப்பமில்லை. ஆனால் ஸ்கேலீன் கூம்பு, ஸ்கேலீன் தசை, ஸ்கேலீன் நிணநீர்க்கணு என்றெல்லாம் வருகிறதே? கழுத்தில்கூட ஒரு 'ஸ்கேலீன் முக்கோணம்' இருக்கிறது. எல்லா இடத்திலும் 'அசமபக்க' என்று போட்டால் பொருள் சரியாக வருமா? கூம்புக்கு ஏது பக்கம்?

கூடவே ஒரு சின்னச் சந்தேகம்: செங்கோண முக்கோணம் அசமபக்க முக்கோணமாகவும் இருக்கலாமா? சில பயிற்சி ஏடுகள் இரண்டையும் தனித்தனி வகையாகக் காட்டுகின்றன.

பதில் 1

சின்னச் சந்தேகத்தை முதலில் முடித்துவிடலாம். தாராளமாக இருக்கலாம். பக்கங்களை வைத்துப் பிரிப்பது ஒன்று, கோணங்களை வைத்துப் பிரிப்பது வேறு. யூக்ளிடே முதல் புத்தகத்தில் 20ஆம் வரையறையில் பக்க வகைகளையும், 21ஆம் வரையறையில் கோண வகைகளையும் தனித்தனியாகச் சொல்கிறார். 3, 4, 5 பக்கங்கள் உள்ள முக்கோணம் செங்கோணமும்தான், அசமபக்கமும்தான். செங்கோண முக்கோணங்களில் அசமபக்கமாக இல்லாதது 45°, 45°, 90° வடிவம் மட்டுமே. இரண்டையும் ஒரே வரிசையில் அடுக்கிக் காட்டும் ஏடு தவறாகக் கற்பிக்கிறது, திருத்தச் சொல்லுங்கள்.

ஆயத்தொலைவுகள் கொடுத்து வகை கேட்டால் வர்க்கமூலம் எடுக்காமல் நீளங்களின் வர்க்கங்களையே ஒப்பிடுங்கள். (0,0), (7,0), (5,5) புள்ளிகளுக்கு வர்க்கங்கள் 49, 50, 29. மூன்றும் வேறு வேறு, ஆகவே அசமபக்கம். மூலம் எடுத்து முழு எண்ணாக்கினால் 7, 7, 5 என்று வந்து இருசமபக்கம் போலத் தெரியும். தேர்வில் மதிப்பெண் போவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான்.

இந்தப் பெயரடை உண்மையில் உதவும் இடம் வகைப்படுத்தல் அல்ல, நிரூபணத்துக்குப் படம் வரைவது. கை போன போக்கில் வரைந்தால் முக்கோணம் இருசமபக்கத்தின் பக்கம் சாய்ந்துவிடும். அதில் உச்சியிலிருந்து வரும் குத்துக்கோடு, கோண இருசமவெட்டி, நடுக்கோடு மூன்றும் ஒன்றின்மேல் ஒன்று விழும். படத்தைப் பார்த்து நிரூபிப்பவர் இல்லாத சமத்தன்மையை இருப்பதாக எடுத்துக்கொள்வார். 13, 14, 15 பக்க முக்கோணத்தை எடுத்து, 14ஐ அடியாக வையுங்கள். உயரம் 12. 13 பக்கம் அடியைத் தொடும் முனையிலிருந்து அளந்தால் குத்துக்கோடு 5இல் விழும்; இருசமவெட்டி 6.5இல், நடுக்கோடு 7இல். அசமபக்க முக்கோணத்தில் இருசமவெட்டி எப்போதும் மற்ற இரண்டுக்கும் நடுவில்தான் விழும்.

எந்த முக்கோணம் 'மிகவும் அசமபக்கம்'? குறுங்கோண முக்கோணங்களில் 45°, 60°, 75°. கோணங்கள் ஒன்றுக்கொன்றும், பெரிய கோணம் 90°க்கும் குறைந்தது 15° விலகியிருக்க வேண்டும் என்று கேளுங்கள். பெரியது 75°ஐயும், அடுத்தது 60°ஐயும், சிறியது 45°ஐயும் தாண்ட முடியாது. அந்த மூன்றின் கூட்டலே சரியாக 180°, ஆகவே வேறு வழியே இல்லை. அடி 10 செ.மீ. வரைந்து ஒரு முனையில் 60°, மறுமுனையில் 45° வைத்தால் போதும். மற்ற பக்கங்கள் சுமார் 9.0, 7.3 செ.மீ. வரும். நிரூபணப் படங்களுக்கு இதையே பழக்கமாக்கிக்கொள்ளலாம்.

இனிக் கூம்பு. பண்டைய கிரேக்கக் கணித அறிஞர் அப்பொலோனியஸ் கூம்பு வெட்டுகள் பற்றிய நூலில், அச்சு அடிக்குச் செங்குத்தாக இருந்தால் நேர்க் கூம்பு, இல்லாவிட்டால் ஸ்கேலீன் கூம்பு என்கிறார். இன்று நாம் சாய்ந்த கூம்பு என்பது இதைத்தான். அச்சு வழியாக வெட்டிப் பாருங்கள். நேர்க் கூம்பில் எப்படி வெட்டினாலும் இருசமபக்க முக்கோணமே கிடைக்கும். சாய்ந்ததில், உச்சி சாயும் திசைக்குக் குறுக்காகப் போகும் ஒரே ஒரு வெட்டைத் தவிர மற்ற எல்லாவற்றிலும் உச்சியிலிருந்து இறங்கும் இரண்டு பக்கங்களும் வேறு வேறு நீளம். மேலே சொன்ன 13, 14, 15 முக்கோணமே, ஆரம் 7, உயரம் 12, உச்சி மையத்திலிருந்து 2 விலகிய கூம்பின் வெட்டு. கன அளவுக்கு அதே மூன்றில் ஒரு பங்கு சூத்திரம் பொருந்தும்: 196π. வளைபரப்புக்கு πrl மட்டும் போடாதீர்கள். சாயுயரம் 13க்கும் 15க்கும் இடையே மாறிக்கொண்டே இருக்கிறது, எந்த lஐ எடுப்பது?

இந்தக் கூம்பில் ஓர் அழகு உண்டு. அடிக்கு இணையாக வெட்டினால் வட்டம் வருவது தெரிந்ததே. அடிக்குச் சாய்வாக, இன்னொரு திசையிலும் வட்டம் வரும். உச்சியிலிருந்து 13 பக்கத்தில் 7.5உம் 15 பக்கத்தில் 6.5உம் தள்ளிப் புள்ளி வைத்து, வெட்டு முக்கோணத்தின் தளத்துக்குச் செங்குத்தாக அறுங்கள். விட்டம் 7 உள்ள வட்டம் கிடைக்கும். நேர்க் கூம்பில் இந்த இரண்டாவது திசை முதல் திசையோடு சேர்ந்துவிடுவதால் கண்ணில் படுவதில்லை.

பதில் 2

உடற்கூறியல் பக்கம் என் பங்கு. முக்கியமான எச்சரிக்கை இது: கழுத்தின் 'ஸ்கேலீன் முக்கோணம்' அசமபக்க முக்கோணம் அல்ல. முன் ஸ்கேலீன் தசை, நடு ஸ்கேலீன் தசை, முதல் விலா எலும்பு ஆகிய மூன்றுக்கும் நடுவே உள்ள இடைவெளிக்குத்தான் அந்தப் பெயர். 'அசமபக்க முக்கோணத்தில் நரம்பு அழுத்தம்' என்று மொழிபெயர்த்தால் படிப்பவருக்கு ஒன்றும் விளங்காது. நிணநீர்க்கணுவும் அப்படியே. முன் ஸ்கேலீன் தசையின் மேல் உள்ள கொழுப்புப் படலத்தில் இருக்கும் கணுக்கள் என்பதே பொருள். அவற்றில் சமமற்றது எதுவும் இல்லை. கணிதத்தில் இந்தப் பெயரடை வடிவத்தைச் சொல்கிறது. மருத்துவத்தில் 'இந்தத் தசையைச் சேர்ந்தது' என்று இடத்தைச் சொல்கிறது.

தசைகள் பக்கத்துக்கு மூன்று. முன் தசை கழுத்தின் 3 முதல் 6ஆம் முள்ளெலும்புகளின் குறுக்கு நீட்சிகளில் தொடங்கி முதல் விலாவில் ஒரு சிறு முண்டில் பதியும். நடுத்தசைதான் மூன்றிலும் நீளமானது, பெரியது; அதுவும் முதல் விலாவுக்கே வரும், ஆனால் பின்னால். பின் தசை இரண்டாம் விலா வரை இறங்கும். கழுத்தைப் பக்கவாட்டில் சாய்ப்பதோடு, மூச்சை உள்ளிழுக்கும்போது மேல் விலாக்களைத் தூக்குவதும் இவற்றின் வேலை. இது அமைதியான மூச்சிலும் நடக்கிறது. மூச்சுத்திணறலில் மட்டும் வேலை செய்யும் துணைத் தசை என்று பழைய குறிப்புகளில் இருந்தால் பட்டியலுக்கு எடுக்காதீர்கள்.

எது எந்தப் பக்கம் போகிறது என்பதில்தான் மாணவர்கள் தடுமாறுகிறார்கள். முன் தசையை எல்லைக்கல்லாக வையுங்கள். அதற்கு முன்னால் சப்கிளேவியன் (காறை எலும்புக்கு அடியில் ஓடும்) சிரை. பின்னால், அதாவது முக்கோண இடைவெளிக்குள், சப்கிளேவியன் தமனியும் கைக்குப் போகும் நரம்புப் பின்னலின் வேர்களும் (கழுத்து 5 முதல் மார்பு 1 வரை). தசையின் முன்முகத்தின் மேலேயே, வெளிப்புறத்திலிருந்து உட்புறமாக, உதரவிதான நரம்பு இறங்குகிறது. அதனால்தான் அந்த இடைவெளி இறுகினால் கை மரத்துப்போவதும் நாடி குறைவதும் வருகின்றன. கை நீலமாகி வீங்கினால் சிரை அழுத்தப்படுகிறது என்று பொருள். அதற்கு இடம் வேறு, காறை எலும்புக்கும் முதல் விலாவுக்கும் நடுவே தேட வேண்டும்.

தொட்டுக் கண்டுபிடிக்க: தலையைச் சற்று எதிர்ப்புறம் திருப்பச் சொல்லுங்கள். குரல்வளையின் அடிப்பகுதியில் உள்ள கிரிகாய்டு வளைய மட்டத்தில் (இது 6ஆம் முள்ளெலும்பின் மட்டம்) ஸ்டெர்னோகிளைடோமாஸ்டாய்டு தசையின் (காதின் பின்னிருந்து மார்பெலும்புக்கு இறங்குவது) பின் ஓரத்தில் விரலை வைத்து மெல்லப் பின்னால் நகர்த்துங்கள். முதலில் முன் ஸ்கேலீன், பிறகு ஒரு பள்ளம், அப்புறம் நடு ஸ்கேலீன். பள்ளம் பிடிபடாவிட்டால் மூக்கால் வேகமாக உறிஞ்சச் சொல்லுங்கள். தசைகள் இறுகிப் பள்ளம் தெளியும். ஸ்டெர்னோகிளைடோமாஸ்டாய்டுக்கு முன்னால் விரல் போனால் கழுத்துத் தமனிதான் துடிக்கும், அங்கே அழுத்தாதீர்கள்.

தோள் அறுவைக்கு மரத்துப்போகும் ஊசியை இந்தப் பள்ளத்தில்தான் போடுகிறார்கள்: இன்டர்ஸ்கேலீன் பிளாக். 20 மி.லி. அளவு மருந்து போட்டால், அது முன் தசையின் மேல் பரவி உதரவிதான நரம்பை எட்டி, அந்தப் பக்க உதரவிதானம் ஏறக்குறைய எல்லோருக்கும் தற்காலிகமாகச் செயலிழக்கும். ஏற்கெனவே நுரையீரல் பலவீனமானவர்களுக்கு அளவைக் குறைப்பதும் வேறு இடம் தேர்வதும் இதனால்தான்.

கேள்வி கேட்டவர்

இருவருக்கும் நன்றி. அப்படியானால் தசைக்கு 'ஏணித் தசை' என்று தமிழாக்கலாமா? 'ஸ்கேலா' என்றால் ஏணி என்று எங்கோ படித்த நினைவு. கணித நூல்களில் வேறு எங்காவது இந்தச் சொல் வருமா?

பதில் 3

ஏணி வேண்டாம். உட்காதில் வரும் 'ஸ்கேலா' லத்தீன், அதுதான் ஏணி. நம் சொல் 'ஸ்கலேனோஸ்' என்ற கிரேக்கம்; சமமற்றது, மேடுபள்ளமானது என்று பொருள். பிளேட்டோவின் 'யூதிஃப்ரோ' என்ற உரையாடல் நூலில் இரட்டை எண்ணை இருசமபக்கம் என்றும், ஒற்றை எண்ணை ஸ்கேலீன் என்றும் சொல்லும் வரி உண்டு. இரண்டு சம கால்களாகப் பிரியாதது என்ற கருத்து. பண்டைய எண்கணிதத்தில் 2×3×4 போல மூன்று அளவும் வேறுபட்ட திண்ம எண்ணுக்கும் (மூன்று எண்களின் பெருக்கல்) இதே பெயர். இங்கெல்லாம் 'அசம' மட்டும் போதும், 'பக்க' வேண்டாம்.

இன்னொரு இடம் படிகவியல்: ஸ்கேலினோஹெட்ரான். முகங்கள் எல்லாம் அசமபக்க முக்கோணங்கள். கால்சைட் என்ற கனிமத்தில் 12 முகங்களோடு வரும். நாய்ப்பல் ஸ்பார் என்று கனிமம் சேர்ப்பவர்கள் சொல்வது அதைத்தான். நாற்கோணப் படிகத் தொகுதியில் 8 முகங்கள். 12 முக வடிவம் பார்வைக்கு இரட்டை அறுகோணப் பிரமிடு போல இருப்பதால் மாற்றி எழுதிவிடுகிறார்கள். மேல் முகங்களும் கீழ் முகங்களும் சந்திக்கும் இடுப்பு விளிம்பைப் பாருங்கள். பிரமிடில் அது ஒரே தளத்தில் சுற்றி வரும், முகங்கள் இருசமபக்கம். ஸ்கேலினோஹெட்ரானில் விளிம்பு மேலும் கீழுமாக வளைந்து வளைந்து போகும். உச்சியிலிருந்து இறங்கும் ஆறு விளிம்புகளும் ஒன்று விட்டு ஒன்று கூர்மையாகவும் மழுங்கலாகவும் இருக்கும். முனை உடைந்த மாதிரியிலும் இந்த அடையாளம் தப்பாது.

பட்டியலில் நான் இப்படிப் பிரிப்பேன்: முக்கோணத்துக்கும் படிக முகத்துக்கும் 'அசமபக்க', கூம்புக்கு 'சாய்ந்த', எண்ணுக்கு 'அசம', தசைக்கும் அதைச் சார்ந்த கணு, இடைவெளி, ஊசி அனைத்துக்கும் 'ஸ்கேலீன்' என்றே ஒலிபெயர்ப்பு. கழுத்து முக்கோணத்தை 'ஸ்கேலீன் தசையிடை முக்கோணம்' என்று எழுதுங்கள். பழைய மருத்துவ நூல்களில் 'ஸ்கேலினஸ் ஆன்டிகஸ்' என்று வந்தால் அது முன் தசையின் பழைய பெயர். தனிப் பதிவு போட்டு, இன்றைய 'ஸ்கேலினஸ் ஆன்டீரியர்' பதிவைப் பார்க்கச் சொல்லிவிடுங்கள்.